பனிசியும் மடனும்: பிரித்தானிய நூதனசாலை நூலகத்தில் ஊழியர் உறவுகள் (1831–1866)

தமிழ் அச்சுநூல் வரலாற்றை ஆராய்வோர், எல். டி. பாணெற்றும் ஜி. யூ. போப்பும் தொகுத்து 1909 இல் இலண்டனில் வெளியான பிரித்தானிய நூதனசாலைத் தமிழ் நூற்பட்டியலை நன்கு அறிவர். இன்று எளிதிற் கிடைக்காத சிறு பிரசுரங்கள் பலவற்றைத் தேடிச் செல்வோருக்கு அப்பட்டியல் ஒரு வழிகாட்டி. ஆயின் அதனைப் புரட்டுகையில், அத்தகைய பட்டியல்களை உருவாக்கிய நிறுவனத்திலே பணிபுரிந்த மனிதர்களைப் பற்றி நாம் எண்ணுவதில்லை. நூலக வரலாறு பெரும்பாலும் நூல்களின் வரலாறாகவும் கட்டடங்களின் வரலாறாகவுமே எழுதப்பட்டு வந்துள்ளது. அங்கு பணிபுரிந்தோர் ஒருவரோடொருவர் எவ்வாறு பழகினர், மேலோர் கீழோரை எவ்வாறு நடத்தினர், மனக்கசப்புகள் எவ்வாறு தோன்றி எவ்வாறு தீர்ந்தன அல்லது தீராதொழிந்தன என்னும் வினாக்கள் அரிதாகவே எழுப்பப்படுகின்றன.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுக்கூற்றில் பிரித்தானிய நூதனசாலை நூலகம் உலகின் தலைசிறந்த நூலகங்களுள் ஒன்றாக உயர்ந்தது. அதே காலத்தில் அதன் பகுதித் தலைவர் இருவர் ஏறத்தாழ மூன்று தசாப்தங்கள் தீராப் பகையுடன் ஒரே கூரையின் கீழ் வாழ்ந்தனர். இப்பகை அவ்விருவரின் குணத்தினால் மட்டும் விளைந்ததா, அன்றி நிருவாக அமைப்பே அதற்கு நீர் வார்த்ததா? அந்நிலை எவ்வளவு தூரம் சீர்ப்படுத்தப்பட்டது? இவற்றை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

1. நிருவாக அமைப்பும் அதன் குறையும்

1753 ஆம் ஆண்டுச் சட்டத்தால் நிறுவப்பெற்ற நூதனசாலை, 1759 இல் மொன்ரேகு மாளிகையிலே பொதுமக்களுக்குத் திறக்கப்பட்டது. அதன் ஆட்சி நம்பிக்கைப் பொறுப்பாளர் சபை ஒன்றின் கையில் இருந்தது. கன்ரபெரிப் பேராயர், பிரபு வேந்தர், பொதுச்சபைச் சபாநாயகர் ஆகிய மூவரும் முதன்மைப் பொறுப்பாளர். உயர் பதவிகளுக்கு ஆட்களை நியமிக்கும் உரிமை இம்மூவரையே சார்ந்திருந்தது. சபையின் ஏனைய உறுப்பினர் பெரும்பாலும் பிரபுக்களும் அரசியலாளரும் நன்கொடையாளர் குடும்பத்தினருமாவர்.

சபையின் கீழ் முதன்மை நூலகர் ஒருவரும், அவருக்குக் கீழ் ஒவ்வொரு பகுதிக்கும் காப்பாளர் ஒருவரும் இருந்தனர். ஆனால் காப்பாளர் சபைக் கூட்டங்களில் அமரும் உரிமை அற்றவர். தத்தம் பகுதியின் தேவைகளை அவர்கள் எழுத்தில் அறிவிப்பர். அவ்வறிக்கைகள் செயலாளர் வழியாகச் சபைக்குச் செல்லும். முடிவும் அவர் வழியாகவே திரும்பி வரும். தமது அறிக்கை எவ்வாறு எடுத்துரைக்கப்பட்டது, எவர் அதனை மறுத்தார், எக்காரணத்தால் மறுத்தார் என்பதைக் காப்பாளர் அறிந்துகொள்ள வழியில்லை. 1827 முதல் முதன்மை நூலகராயிருந்த சேர் ஹென்றி எலிஸ் கடுமையாக நடந்துகொள்ளும் இயல்பினர் அல்லர். எனவே உண்மையான செல்வாக்கு, செயலாளராயிருந்த ஜொசையா போர்ஷல் கையிற் குவிந்தது. பேச வேண்டியவர்கள் நேரிற் பேச முடியாத இடத்தில் ஐயம் வளர்வது இயல்பே. அண்டை அறையில் இருப்பவர் தமக்கு எதிராக எதனை எழுதினாரோ என்னும் எண்ணம் ஒவ்வொருவர் உள்ளத்திலும் குடிகொண்டது.

கீழ்நிலை ஊழியரின் நிலை இதனினும் மோசமாயிருந்தது. மேலதிக உதவியாளர் எனப்பட்டோர் நிலையான பதவியோ ஓய்வூதிய உறுதியோ இல்லாதவர்கள். 1835 இல் நூதனசாலை பற்றி ஆராயப் பாராளுமன்றம் தெரிகுழு ஒன்றை அமைத்ததற்கு உடனடிக் காரணமாயிருந்ததும் இத்தகைய ஓர் ஊழியரின் முறைப்பாடே. கையெழுத்துப்படிப் பகுதியிலே பணிபுரிந்து விலக்கப்பட்ட ஜோன் மிலாட் என்பவரின் குறையைப் பாராளுமன்ற உறுப்பினர் பெஞ்சமின் ஹோஸ் எடுத்துக்கொண்டார். ஒரு தனியாளின் முறைப்பாட்டைக் கேட்டுத் தீர்க்க நிறுவனத்தினுள்ளே ஏற்ற வழி இல்லாமையால், அது நாட்டின் பாராளுமன்றம் வரை செல்ல நேர்ந்தது. மிலாட் திறமையற்றவர் என்பது நிருவாகத்தின் வாதம். அவ்வாதம் சரியோ தவறோ, அதனை நடுநிலையுடன் சோதித்தறியும் ஏற்பாடு உள்ளே இல்லை என்பதே இங்கு கருதத்தக்கது.

2. 1837 ஆம் ஆண்டு நியமனங்கள்

அந்தோனியோ பனிசி 1797 இல் வட இத்தாலியிலுள்ள மொடெனாச் சிற்றரசின் பிறெசெல்லோ என்னும் ஊரிற் பிறந்தார். பார்மாவிலே சட்டம் பயின்றார். அரசுக்கெதிரான இரகசியச் சங்கத்தோடு தொடர்புடையார் எனத் தேடப்பட்டமையால் நாட்டை விட்டுத் தப்பி 1823 இல் இங்கிலாந்து சேர்ந்தார். அவர் இல்லாத வேளையில் அவருக்கு மரணதண்டனை விதிக்கப்பட்டது. லிவர்பூலில் இத்தாலிய மொழி கற்பித்து வாழ்ந்த அவர், 1828 இல் இலண்டன் பல்கலைக்கழகத்தில் (பின்னர் யூனிவர்சிற்றிக் கல்லூரி எனப் பெயர் பெற்றது) இத்தாலியப் பேராசிரியரானார். 1831 இல் புரூம் பிரபுவின் ஆதரவால் நூதனசாலையில் உதவிப் பதவியொன்றைப் பெற்றார்.

1837 இல் அச்சுநூற் பகுதிக் காப்பாளர் பதவி வெற்றிடமாயிற்று. அப்பகுதியிலே பனிசிக்கு மூத்தவராயிருந்தவர், தாந்தேயின் பெருங்காப்பியத்தை ஆங்கிலத்திற் பெயர்த்துப் புகழ்பெற்ற ஹென்றி பிரான்சிஸ் கேரி. அறுபது வயதைக் கடந்த அவர் உளநலக் குறைவாலும் வருந்தியவர். பொறுப்பாளர் அவரை விடுத்துப் பனிசியை நியமித்தனர். கேரி தமது மனக்குறையை வெளிப்படையாக எழுதி வெளியிட்டுப் பதவி துறந்தார். அந்நியர் ஒருவருக்கு உயர் பதவி அளிக்கப்பட்டது என்ற கூக்குரல் எழுந்தது. பனிசி இலண்டன் வீதிகளிலே வெள்ளெலி விற்றுத் திரிந்தவர் எனக் கூட்டமொன்றில் ஒருவர் பேசியதாக அவரது வரலாற்றாசிரியர் குறித்துள்ளார்.

இந்நியமனம் திறமை நோக்கிற் சரியானதே என்பதைப் பின்வந்த வரலாறு காட்டியது. எனினும் அது செய்யப்பட்ட முறை கவனத்துக்குரியது. மூப்பா, திறமையா, எது அளவுகோல் என்பது முன்கூட்டியே அறிவிக்கப்பட்டிருக்கவில்லை. எனவே பதவி பெறாதவர் தமக்கு அநீதி இழைக்கப்பட்டதாகக் கருதவும், பெற்றவர் தம்மைப் பகைவர் சூழ்ந்திருப்பதாகக் கருதவும் இடமேற்பட்டது. பனிசியின் பிற்காலக் கடுமைக்கு இவ்வனுபவமும் ஒரு காரணமாயிருத்தல் கூடும்.

அதே ஆண்டிற் கையெழுத்துப்படிப் பகுதிக் காப்பாளரானவர் சேர் பிரெடரிக் மடன். 1801 இற் பிறந்த இவர், பனிசி வருமுன்னரே 1828 இல் அப்பகுதியின் உதவிக் காப்பாளராயிருந்தவர். 1833 இல் வீரப்பட்டம் பெற்றவர். மத்தியகால ஆங்கில இலக்கியங்களைப் பதிப்பித்தவருள் முன்னணியில் வைத்தெண்ணத்தக்கவர். 1731 ஆம் ஆண்டுத் தீயிற் கருகிய கொற்றன் சுவடிகளைப் பிரித்தெடுத்துப் பேணச் செய்த பெருமையும் இவருடையது. இவ்வளவு தகுதியுடைய ஒருவர், தமக்குப் பின்வந்த ஒருவர் தமக்கு இணையாக உயர்ந்ததைக் கண்டார்; விரைவில் அவர் தம்மை விஞ்சுவதையும் கண்டார்.

3. ஒரே கூரையின் கீழ்

பனிசி செயல்வீரர். அரசியல் தலைவரோடு நெருங்கிப் பழகியவர்; தமது பகுதிக்கு வேண்டியதை வாதிட்டுப் பெறத் தெரிந்தவர். மடன் தனிமையை நாடிய அறிஞர். தம் தகுதி தானே அறியப்படவேண்டும் என எதிர்பார்த்தவர். வேறுபட்ட இயல்பினர் இருவர் ஒரு நிறுவனத்தில் இருப்பது தீங்கன்று. ஆனால் இடமும் பணமும் ஆளும் ஒரே சபையிடமிருந்து, அதுவும் ஒருவர் அறியாது மற்றவர் எழுதும் அறிக்கைகளின் வழியாக, பெறப்படவேண்டியிருந்தபோது, ஒருவரின் வெற்றி மற்றவரின் இழப்பாயிற்று. 1845 இற் பனிசி நூலகத்தின் குறைபாடுகளை விரிவாக எடுத்துக்காட்டிய அறிக்கையைத் தொடர்ந்து, அச்சுநூல் வாங்க ஆண்டுக்கு 10,000 பவுண் வழங்க அரசு இணங்கியது. தோமஸ் கிரென்வில் தமது இருபதாயிரத்துக்கு மேற்பட்ட அரிய நூல்களை நூதனசாலைக்கு விட்டுச் சென்றதற்கும் பனிசியின் நட்பே காரணம். நூலகத்துக்கு இவை பேறுகள். மடனின் கண்ணுக்கோ இவை ஒரு பகுதி பிறவற்றை விழுங்கி வளர்வதன் அடையாளங்கள்.

மடன் தம் மனக்கசப்பை எவரிடமும் கூறித் தீர்க்கவில்லை, நாட்குறிப்பில் எழுதினார். 1819 முதல் 1872 வரை எழுதப்பட்ட அக்குறிப்புகள் 43 தொகுதிகளாக விரிகின்றன. 1920 வரை திறக்கலாகாது என்னும் நிபந்தனையுடன் அவற்றை ஒக்ஸ்போட்டிலுள்ள பொட்லியன் நூலகத்துக்கு அவர் விட்டுச் சென்றார். அவற்றிற் பனிசி மிகக் கடுமையாகச் சாடப்படுகின்றார். வரலாற்றாசிரியருக்கு அவை அரிய மூலாதாரம். ஆயின் ஒரு பக்கச் சாட்சியம் என்பதையும் மறத்தலாகாது. வெளியே சொல்ல வழியற்ற குறை, உள்ளே எழுத எழுதப் பெருகியதே அன்றிக் குறையவில்லை என்பதற்கு அந்நாட்குறிப்பே சான்று.

இதே மடன், போர்ஷலுடன் இணைந்து விக்ளிப் வழிவந்த ஆங்கில விவிலியத்தை இரு தசாப்தங்களுக்கு மேல் உழைத்து 1850 இல் வெளியிட்டவர் என்பதும் நினைவுகூரத்தக்கது. ஆகவே அவர் எவருடனும் ஒத்துழைக்க இயலாதவர் எனத் தீர்ப்பளித்தல் பொருந்தாது. பொதுவான ஒரு வேலை அமைந்தவிடத்து அவரால் இணைந்து உழைக்க முடிந்தது. பனிசிக்கும் அவருக்குமிடையே அத்தகைய பொதுவேலை ஒன்றேனும் அமைக்கப்படவில்லை.

4. தொண்ணூற்றொரு விதிகள்

இதற்கு மாறானதொரு காட்சியை அச்சுநூற் பகுதியினுள்ளேயே காண்கின்றோம். நூலகத்துக்கு அச்சிட்ட நூற்பட்டியல் ஒன்று வேண்டுமெனப் பொறுப்பாளர் பணித்தபோது, எவ்வாறு பட்டியலிடுவது என்பதற்குத் திட்டமான விதிகள் தேவைப்பட்டன. ஆசிரியர் பெயரற்ற நூலை எச்சொல்லின் கீழ் இடுவது? ஒருவர் பல பெயர்களில் எழுதியிருப்பின் என்செய்வது? இவற்றிற்கு விதி இல்லாவிடின் ஒவ்வோர் ஊழியரும் ஒவ்வொரு முறையைக் கையாள்வர். பிழைக்கு யார் பொறுப்பு என்ற பூசல் முடிவின்றித் தொடரும்.

பனிசி விதிகளைத் தாமே வகுத்து ஆணையாக இறக்கவில்லை. அவரும், ஜோன் வின்ரர் ஜோன்ஸ், தோமஸ் வாற்ஸ், ஜே. எச். பரி, எட்வேட் எட்வேட்ஸ் ஆகிய உதவியாளரும் தனித்தனியே வரைவுகளை எழுதினர். பின்னர் ஒருங்கு கூடி ஒவ்வொன்றையும் வாதித்தனர். கருத்தொருமை ஏற்படாதவற்றை வாக்கால் தீர்த்தனர். தலைவரின் கருத்தும் அக்கூட்டத்தில் ஒரு கருத்தாகவே எடைபோடப்பட்டது. இவ்வாறு உருவான 91 விதிகள் 1839 இல் ஒப்புதல் பெற்று, 1841 இல் வெளியான பட்டியலின் முதற்றொகுதியில் அச்சாயின. அப்பட்டியலின் அச்சுவேலை முதலெழுத்தோடு நின்றுபோயிற்று. விதிகளோ பின்வந்த பட்டியல் விதித்தொகுப்புகளுக்கெல்லாம் முன்னோடியாயின.

விதிகளின் பயன் பட்டியலுக்கு மட்டும் உரியதன்று. பிழை கண்டவர் ஆளைக் குறைகூறாது விதியைச் சுட்டலாம். கட்டளை பெற்றவர் மேலோரின் மனப்போக்குக்கன்றி எழுதிவைத்த நியதிக்குக் கட்டுப்படலாம். தாமே பங்குகொண்டு வகுத்த நியதிக்குக் கட்டுப்படுதல் அடிமைத்தனமாகாது. ஜோன்ஸும் வாற்ஸும் பல்லாண்டுகள் பனிசியின் உறுதியான துணைவராக நின்றமைக்கு இவ்வனுபவம் அடிப்படையாயிருந்தது எனல் தவறாகாது.

5. அரச ஆணைக்குழு, 1847–1850

நூதனசாலையின் நிருவாகம் பற்றிய அதிருப்தி பெருகவே, எல்ஸ்மியர் பிரபுவைத் தலைவராகக்கொண்ட அரச ஆணைக்குழு 1847 இல் நியமிக்கப்பட்டது. அதன்முன் சாட்சியமளித்தோர் பலர் பனிசியின் பட்டியல் முறையைத் தாக்கினர். தனியறை வேண்டி மறுக்கப்பெற்ற தோமஸ் கார்லைல் அவர்களுள் ஒருவர். ஆணைக்குழுவின் செயலாளர் ஜோன் பெயின் கொலியர், விரைவாகவும் சுருக்கமாகவும் பட்டியலிடலாம் எனக் காட்ட 25 நூல்களைத் தாமே பட்டியலிட்டுத் தந்தார். ஜோன்ஸ் அவற்றை ஆராய்ந்து பிழைகளை ஒவ்வொன்றாக வகைப்படுத்திக் காட்டினார். தலைவரைக் காக்க உதவியாளர் மனமுவந்து முன்வந்த காட்சி அது.

ஊழியர் உறவு நோக்கில் ஆணைக்குழுவின் முக்கியத்துவம் வேறோரிடத்தில் உள்ளது. காப்பாளரின் குரல் செயலாளரைத் தாண்டிச் சபையை அடையவில்லை என்பது முதன்முறையாக யாவரும் அறிய வெளிப்பட்டது. உடல்நலமும் உளநலமும் குன்றிய ஒருவரிடம் இவ்வளவு அதிகாரம் குவிந்திருந்தமையும் தெரியவந்தது. 1850 இல் வெளியான அறிக்கை, தனிச் செயலாளர் பதவியை ஒழிக்கவேண்டும் எனப் பரிந்துரைத்தது. போர்ஷல் ஓய்வு பெற்றார். அப்பதவியின் கடமைகள் முதன்மை நூலகரைச் சேர்ந்தன. ஆளை மாற்றியதோடு அமையாது, ஐயத்தை விளைத்த வாயிலையே அடைத்தமை இச்சீர்திருத்தத்தின் சிறப்பு.

6. எட்வேட் எட்வேட்ஸ்

இவ்வரலாற்றைப் பனிசியின் வெற்றிக்கதையாக முடித்துவிடல் எளிது. எட்வேட் எட்வேட்ஸின் வாழ்க்கை அதற்குத் தடையாய் நிற்கின்றது.

1812 இற் பிறந்து தம் முயற்சியாற் கற்றுயர்ந்த எட்வேட்ஸ், 1836 இல் நூதனசாலையின் குறைகளைச் சுட்டித் துண்டுப்பிரசுரம் வெளியிட்டுத் தெரிகுழுவின் முன்னும் சாட்சியமளித்தவர். 1839 இல் அங்கேயே மேலதிக உதவியாளராகச் சேர்ந்தார். விதிகளை வகுத்த ஐவருள் ஒருவரானார். 1849 இற் பொது நூலகங்கள் பற்றிய பாராளுமன்றத் தெரிகுழுவின் முன் அவர் அளித்த புள்ளிவிவரங்கள், 1850 ஆம் ஆண்டுப் பொது நூலகச் சட்டத்துக்குத் துணைபுரிந்தன. ஆனால் அப்புள்ளிவிவரங்களைப் புனைபெயரில் ஒருவர் ஏதென்ஸியம் என்னும் இதழிலே கடுமையாகத் தாக்கினார். தாக்கியவர் வேறெவருமல்லர், அதே பகுதியில் அவருடன் பணிபுரிந்த தோமஸ் வாற்ஸே. கூறப்பட்ட பிழைகள் உண்மையாயிருக்கலாம். எனினும் அடுத்த மேசையில் இருந்தவர் நேரிற் கூறாது மறைந்து நின்று எழுதினார் என்பதும் உண்மை. பனிசியுடனும் எட்வேட்ஸுக்கு முரண்பாடு முற்றி, 1850 இல் அவர் நூதனசாலையை விட்டு நீங்க நேர்ந்தது.

தொடர்ந்து மான்செஸ்ரர் இலவச நூலகத்தின் முதல் நூலகரானார். அங்கும் குழுவினருடன் பிணங்கி 1858 இற் பதவி இழந்தார். எட்வேட்ஸ் இணங்கிப் பழகுவதற்கு எளியவர் அல்லர் என்பதை இவை காட்டுகின்றன. ஆயின் ஒன்றை நாம் கேட்டல் தகும். மேலோரின் செவிக்குத் தம் குரல் எட்டவில்லை என ஆணைக்குழுவின் முன் நியாயம் கேட்ட பனிசி, தமக்குக் கீழிருந்த ஒருவருக்கு அதே நியாயத்தை வழங்கினாரா? விதிகளை வகுக்கையில் எட்வேட்ஸின் வாக்கை எண்ணியவர், அவரது பதவி பற்றிய பூசலில் அத்தகைய கூட்டத்தைக் கூட்டவில்லை. நூல்களைப் பற்றிய கருத்து வேறுபாட்டைத் தீர்க்க முறை இருந்தது. மனிதர்களைப் பற்றியதைத் தீர்க்க இல்லை. நாட்டின் பொது நூலக இயக்கத்துக்கு உழைத்த எட்வேட்ஸ் 1886 இல் வறுமையில் இறந்தார்.

7. முதன்மை நூலகர் பனிசி, 1856–1866

1856 இல் எலிஸ் ஓய்வுபெறப் பனிசி முதன்மை நூலகரானார். மடனுக்கு இது இரண்டாம் அடி. பனிசியின் கருத்துப்படி எழுந்து 140 அடி விட்டமுடைய குவிமாடத்தோடு 1857 இல் திறக்கப்பட்ட வட்ட வாசிகசாலையை உலகம் வியந்தபோதும், மடனின் உள்ளம் ஆறவில்லை.

எனினும் ஊழியர் நலனிற் பனிசி செய்தவை மறுக்கத்தக்கன அல்ல. நூதனசாலை ஊழியர் அரசாங்க சேவையின் ஒரு கிளையினராக ஏற்கப்படவும் ஓய்வூதிய உரிமை பெறவும் அவர் உழைத்தார். முதுமையைப் பற்றிய அச்சம் நீங்கினாலன்றி ஊழியர் ஒருவர் மற்றவரைப் போட்டியாளராகவன்றித் தோழராகக் காண்பது அரிது. எழுத்துப்பிரதி செய்வோராகப் பணிபுரிந்த றொபேட் கவ்ற்றன் 1872 இல் வெளியிட்ட நினைவுக்குறிப்பிற் பனிசியை மதிப்போடும் நன்றியோடும் நினைவுகூர்கின்றார். மடனின் நாட்குறிப்பு மேல்தளத்திலிருந்து காட்டும் பனிசி வேறு. கீழ்நிலை ஊழியரொருவரின் நூல் காட்டும் பனிசி வேறு. இரண்டும் உண்மையே.

1866 இல் இருவருமே பதவியினின்று நீங்கினர். மடன் 1873 இலும் பனிசி 1879 இலும் காலமாயினர். இருவருக்குமிடையே இணக்கம் ஏற்பட்டதாகச் சான்றில்லை.

8. முடிவுரை

இதுகாறும் கூறியவற்றால் மூன்று செய்திகள் பெறப்படுகின்றன. முதலாவது, நூதனசாலைப் பூசல்களுக்குத் தனிமனித குணம் வித்தாயிருந்தது. நேரிற் பேசவிடாத அமைப்பும், அளவுகோல் அறிவிக்கப்படாத நியமனமும், பாதுகாப்பற்ற வேலையும் நிலமாயிருந்தன. இரண்டாவது, எழுதிவைத்த விதியும் ஒருங்குகூடி ஆராயும் வழக்கமும் உள்ளவிடத்து அதே மனிதர்கள் நல்லுறவோடு உழைத்தனர். மூன்றாவது, அமைப்பைச் சீர்திருத்தல் காலந்தாழ்ந்து வருமாயின், அதற்குள் புண்பட்ட உள்ளங்களை அது ஆற்றாது. செயலாளர் பதவி ஒழிந்த பின்னும் மடனின் நாட்குறிப்பு இருபதாண்டுகளுக்கு மேல் அதே கசப்போடு தொடர்ந்தது.

1924 இற் சென்னைப் பல்கலைக்கழக நூலகராக நியமிக்கப்பெற்ற எஸ். ஆர். இரங்கநாதன், தொடக்கத்தில் அவ்வேலையின் தனிமையைத் தாங்காது ஆசிரியத் தொழிலுக்கே மீள விரும்பினார். முதலில் இலண்டன் சென்று வருமாறு அறிவுறுத்தப்பட்ட அவர் நூலகவியல் பயின்ற யூனிவர்சிற்றிக் கல்லூரி, ஒரு நூற்றாண்டுக்கு முன் பனிசி இத்தாலிய மொழி கற்பித்த அதே நிறுவனமாகும். 1925 இல் மீண்ட அவர், 1931 இல் நூலகவியலின் ஐந்து விதிகளையும், 1934 இற் பட்டியல் விதித்தொகுப்பையும், 1935 இல் நூலக நிருவாகம் பற்றிய பெருநூலையும் வெளியிட்டார். நூலக நிருவாகத்தின் ஒவ்வொரு கடமையையும் வகுத்து எழுதிவைக்கவேண்டும் என்னும் அவரது முயற்சியை, தொண்ணூற்றொரு விதிகளை வகுத்தோரின் எண்ணம் நூல்களைக் கடந்து வேலைக்கே விரிந்ததாகக் கொள்ளலாம்.

பிரித்தானிய நூதனசாலை நூலகம் 1973 இற் பிரித்தானிய நூலகமெனத் தனி நிறுவனத்தின் பகுதியாயிற்று. வட்ட வாசிகசாலையிலிருந்து நூல்கள் 1990களின் பிற்பகுதியில் வேறிடம் சென்றன. அந்நூற்பட்டியல்களிலே நாம் தேடும் தமிழ் நூலைக் கண்டு மகிழும்போது, அதனைப் பதிந்து வைத்தவரின் கை எத்தகைய மனநிலையில் எழுதியது என்பதையும் எண்ணுதல் வேண்டும். நூலைப் பேணுவோர் ஒருவரையொருவர் பேணாத நூலகமும் வளரக்கூடும் என்பதை இவ்வரலாறு காட்டுகின்றது. அவ்வளர்ச்சியின் விலையை எவர் செலுத்தினர் என்பதையும் அதுவே காட்டுகின்றது.